யாரென்று கேட்கக் கூடாது

அக்கா மகள் எம்.ஏ. ஆங்கிலம் படிக்கிறாள். சனிக்கிழமை சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் செருப்பைக் கழற்றும்போதே கேள்வி ஆரம்பமாகிவிடும். போன வாரம் நான் இஞ்சி தட்டிக்கொண்டிருந்தபோது வந்து நின்றாள்.

"சித்தி, ராபின்சன் குரூசோ மாதிரி ஒரு பொண்ணு தீவுல தனியா மாட்டிக்கிற கதை அந்தக் காலத்துல யாரும் எழுதலையா? எல்லாத்துலயும் ஆம்பளதான் கரை ஒதுங்குறான்."

"எழுதியிருக்காங்க. உக்காரு, டீ கொதிக்கட்டும்."

குரூசோவிலிருந்தே தொடங்கினேன். 1719இல் லண்டனில் அந்தப் புத்தகம் வந்தபோது அட்டையில் டேனியல் டீஃபோவின் பெயர் கிடையாது. குரூசோவே எழுதிய தன் சொந்தக் கதை என்று போட்டிருந்தார்கள். வாங்கியவர்களில் பலர் அதை உண்மை என்றே நம்பினார்கள். இதை ஏன் முதலில் சொல்கிறேன் என்றால், நாம் பார்க்கப்போகும் புத்தகமும் அதே தந்திரத்தைச் செய்கிறது, இன்னும் ஒரு படி மேலே போய். இன்னொன்றும் ஞாபகத்தில் இருக்கட்டும். குரூசோவின் கப்பல் உடைந்தது அவன் ஆப்பிரிக்காவுக்கு அடிமைகளைப் பிடித்துவரக் கிளம்பிய பயணத்தில். பள்ளிக்கூடப் பாடத்தில் நாம் படிக்கும் சுருக்கத்தில் இந்த வரி இருக்காது.

குரூசோ வந்து நாற்பத்தெட்டு வருடம் கழித்து, 1767இல், லண்டனில் இரண்டு தொகுதிகளாக ஒரு நாவல் வந்தது. பெயர் 'தி ஃபீமேல் அமெரிக்கன்'. எழுதியவர் அன்கா எலைசா விங்க்ஃபீல்ட் என்று அட்டை சொல்கிறது. கதாநாயகியின் பெயரும் அதுவே. வெளியிட்டவர்கள் நோபிள் என்ற குடும்பப் பெயர் கொண்ட இருவர். வாடகைக்குப் புத்தகம் தரும் நூல்நிலையங்களை நடத்திவந்தவர்கள். நம் ஊரில் ஒரு காலத்தில் தெருவுக்குத் தெரு லெண்டிங் லைப்ரரி இருந்ததே, அந்த மாதிரி. ஆக இது பண்டிதர்களுக்காக எழுதப்பட்ட நூல் இல்லை. வாரக் கடைசியில் எடுத்துப்போய்ப் படித்துவிட்டுத் திருப்பிக் கொடுக்கும் சரக்கு.

கதை இப்படி. வர்ஜீனியாவில் குடியேறிய ஆங்கிலேயன் ஒருவன் அங்குள்ள பழங்குடியினரிடம் சிறைப்படுகிறான். கூட இருந்தவர்களைக் கொன்றுவிடுகிறார்கள். இவன் முறை வரும்போது அரசன் மகள் குறுக்கே வந்து காப்பாற்றுகிறாள். அவள் பெயர் அன்கா. அவளுடன் பிறந்த ஒருத்திக்கும் இவன்மேல் ஆசை. கிடைக்காத கோபத்தில் விஷம் வைக்கிறாள், அன்கா முறித்துப் பிழைக்க வைக்கிறாள். கல்யாணம் ஆகிறது, ஒரு பெண் குழந்தை பிறக்கிறது. பிற்பாடு அதே உடன்பிறந்தவள் அரசியாகி ஆள் அனுப்பி அன்காவைக் கொல்கிறாள். குழந்தையைத் தகப்பன் இங்கிலாந்துக்குக் கூட்டிப்போகிறான்.

"இது போகஹான்டஸ் கதைதானே சித்தி?"

ஆமாம், எலும்புக்கூடு அதுதான். கேப்டன் ஜான் ஸ்மித்தின் தலையை வெட்டப்போகும்போது போகஹான்டஸ் தடுத்தாள் என்ற கதையை ஸ்மித் தன் 1624ஆம் வருடத்துப் புத்தகத்தில் எழுதினார். அதற்குள் அவள் இறந்து ஏழு வருடம். ஜான் ரால்ஃபை 1614இல் மணந்து, 1616இல் இங்கிலாந்து போய், மறு வருடமே கிரேவ்ஸெண்டில் செத்துப்போனாள். ஸ்மித் சொன்னதை மறுக்க அவள் இல்லை. நாவலாசிரியர் இன்னொரு சரித்திரப் பெயரையும் எடுத்துக்கொள்கிறார். ஜேம்ஸ்டவுன் குடியேற்றத்தின் முதல் தலைவர் எட்வர்ட் மரியா விங்ஃபீல்ட். அவருடைய பேத்தி முறை என்று நம் கதாநாயகிக்கு ஒரு வம்சம் கட்டப்படுகிறது. எழுத்தை லேசாக மாற்றி விங்க்ஃபீல்ட். பொய்யைச் சொல்லும்போது பக்கத்தில் ஒரு நிஜத்தை உட்கார வைப்பது பழைய வித்தை.

டீயை வடிகட்டி ஊற்றினேன். அவள் தம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

இனிமேல்தான் விஷயம். பெண்ணின் பெயரைக் கவனி. அன்கா என்பது அம்மாவுடையது, எலைசா அப்பா பக்கம். சர்ரே பகுதியில் பாதிரியாராக இருக்கும் பெரியப்பா வீட்டில் வளர்கிறாள். லத்தீனும் கிரேக்கமும் கற்கிறாள். அந்தக் காலத்து ஆங்கிலேய ஜமீன் வீட்டுப் பெண்ணுக்கே கிடைக்காத படிப்பு. நிறம் மாநிறம், தலைமுடி கறுப்பு. பாதி அம்மா ஊர்ப் பாணியிலும் பாதி ஐரோப்பியப் பாணியிலும் உடுத்துகிறாள், கையில் வில் அம்பு. கோயிலுக்குப் போனாலும் கடைத்தெருவுக்குப் போனாலும் எல்லாரும் பார்க்கிறார்கள். அதை அவள் வருத்தமாகச் சொல்வதில்லை. ராஜகுமாரி மாதிரி நடத்தினார்கள் என்று கொஞ்சம் பெருமையோடுதான் சொல்கிறாள். பெரியப்பா மகன் ஜான் காதலிக்கிறான். என்னைப்போல வில் எய்யத் தெரியாதவனைக் கட்டிக்கொள்ள மாட்டேன் என்கிறாள்.

எனக்குப் பிடித்த இடம் இது. ஜேன் ஆஸ்டினின் கதாநாயகிகள் பிறப்பதற்கு இன்னும் பல வருடம் இருக்கிறது. அதற்குள் ஒருத்தி மாப்பிள்ளைக்கு வில்வித்தையில் பரீட்சை வைக்கிறாள். நம் பக்கத்தில் வில்லை வளைத்தவனுக்குப் பெண் என்று தகப்பன் அறிவிப்பான். இங்கே பெண்ணே அறிவிக்கிறாள், அவளே எய்தும் காட்டுகிறாள்.

பிறகு வர்ஜீனியாவுக்குத் திரும்புகிறாள். அங்கே தகப்பன் இறந்ததும் சொத்தையெல்லாம் ஏற்றிக்கொண்டு இங்கிலாந்துக்குக் கப்பலேறுகிறாள். நடுக்கடலில் கப்பல் தலைவன் மெல்லப் பேச்சைத் தொடங்குகிறான். என் மகனைக் கட்டிக்கொள், இல்லாவிட்டால் ஆளில்லாத தீவில் இறக்கிவிடுவேன் என்கிறான். அவள் தீவைத் தேர்ந்தெடுக்கிறாள்.

"அப்போ கப்பல் உடையவே இல்லையா?"

உடையவில்லை. குரூசோவைத் தீவில் சேர்த்தது புயல். அவனோ அதைக் கடவுள் கொடுத்த தண்டனை என்று எண்ணிக்கொள்கிறான், அப்பா பேச்சைக் கேட்காமல் கடலுக்கு வந்ததற்கு. இவளைத் தீவில் சேர்த்தது ஒரு கல்யாணப் பேச்சு. தகப்பன் இல்லாத, சொத்துள்ள பெண்ணுக்கு நடுக்கடலில் வரும் ஆபத்து எது என்று எழுதியவருக்குத் தெரிந்திருக்கிறது.

இங்கே ஒரு உறுத்தல். அந்தக் கப்பலில் அவளுடைய அடிமைகளும் இருக்கிறார்கள். அவளுக்குச் சொந்தமான சொத்தாக. அம்மா பழங்குடி, தானே மாநிறம், ஆனாலும் ஆட்களை உடைமையாக வைத்திருப்பதில் அவளுக்கு ஒரு நெருடலும் இல்லை. கல்லூரியில் இந்த நாவலைப் பெண்ணியத்தின் முன்னோடி என்று கையில் கொடுத்தால் இந்தப் பக்கத்தையும் சேர்த்துப் படி என்று சொன்னேன். தலையாட்டினாள். குறிப்பேட்டில் எழுதவில்லை. பரீட்சைக்கு வராது என்று நினைத்திருப்பாள்.

தீவில் அவள் வாழ்க்கை நடத்தும் விதம் குரூசோவைப் போல் இல்லை. அவன் உடைந்த கப்பலுக்குப் பலமுறை போய் ஆணி, கோடாலி, துப்பாக்கி, ரம் என்று மூட்டை மூட்டையாய்க் கொண்டுவருவான். கட்டுவான், எண்ணுவான், கணக்கு எழுதுவான். இவளுக்குக் கிடைப்பது ஒரு கையெழுத்துப் பிரதி. அந்தத் தீவில் பல வருடம் இருந்த சந்நியாசி ஒருவர் எழுதி வைத்தது. எதைத் தின்னலாம், எங்கே தண்ணீர், எந்த நாளில் யார் வருவார்கள், எல்லாம் அதில் இருக்கிறது. வீடு கட்ட வேண்டிய அவசியமே இல்லை, அவர் இருந்த இடத்திலேயே குடியேறிவிடுகிறாள். காய்ச்சலில் விழுந்து நினைவு தப்பித் தவழ்ந்து போகையில் ஒரு வெள்ளாட்டின் மடியில் வாய் வைத்துப் பால் குடித்துப் பிழைக்கிறாள். சாகசக் கதை என்று பார்த்தால் இந்தப் பகுதியெல்லாம் கொஞ்சம் சொதப்பல்தான். எல்லாமே வசதியாக வந்து சேர்கிறது. ஆனால் படித்து உயிர் பிழைக்கிற ஒருத்தியை எழுதியிருக்கிறார் என்று எண்ணிப்பார்த்தால் அந்த வாடகை நூல்நிலையத்துக்கு வந்துபோன பெண்கள் ஏன் இதை எடுத்துப்போனார்கள் என்பது புரிகிறது.

சந்நியாசியின் குறிப்பு இன்னொன்றும் சொல்கிறது. வருடத்துக்கு ஒருமுறை பக்கத்துத் தீவுப் பழங்குடியினர் சூரியனைக் கும்பிட இங்கே வருவார்கள். தீவில் பழைய கட்டட இடிபாடுகள், நிலத்தடியில் கல்லறைகள், பொன்னாடை, பொன் நகை. நடுவில் சூரிய தெய்வத்தின் மாபெரும் சிலை. உள்ளே குடைவாக இருக்கிறது, ஏறிப்போகப் படிக்கட்டும் உண்டு. சிலைக்குள் நின்று பேசினால் குரல் பல மடங்காக வெளியே கேட்கும்.

"ஐயோ, அவ உள்ள போய்ப் பேசப்போறாளா?"

போகிறாள். திருவிழா நாளில் கூட்டம் கும்பிட்டு நிற்கும்போது சிலை பேசுகிறது. அசரீரி என்று நாம் சொல்வோமே, அதுதான், ஆனால் உள்ளே சரீரம் ஒளிந்திருக்கும் அசரீரி. அவர்கள் பாஷையிலேயே பேசுகிறது. அம்மா வழியில் அவள் கற்ற பாஷை, அதிர்ஷ்டவசமாக, அவர்களுக்கும் புரிகிறது. உண்மையான கடவுளைப் பற்றிச் சொல்கிறாள். பிறகு, உங்களுக்குக் கற்றுத்தர ஒருவர் வருவார், உங்களைப் போன்ற நிறத்தவர், நீங்கள் பயப்படாமல் இருக்க அவர் ஒரு பெண்ணாக இருப்பார் என்கிறாள். அதன்பின் ஒரு நிபந்தனை. அவள் யார், எங்கிருந்து வந்தாள், எப்போது போவாள் என்று யாரும் கேட்கக் கூடாது.

இந்த இடத்தில் நான் டீ குடிப்பதை நிறுத்திவிட்டேன். முதல்முறை படித்தபோதும் இங்கேதான் நின்றேன். இங்கிலாந்தில் இருந்த வருடங்களெல்லாம் அவளைப் பார்த்தவர்களின் கண்ணில் இருந்தது அந்தக் கேள்விதான். நீ யார், எந்தப் பக்கம்? தனக்கென்று ஓர் ஊர் கிடைத்ததும் அவள் போடும் முதல் சட்டம் அந்தக் கேள்விக்குத் தடை. குரூசோ தீவுக்கு ராஜா என்று தன்னைச் சொல்லிக்கொள்வான், தான் காப்பாற்றியவனுக்கு வெள்ளிக்கிழமை என்று பெயர் வைப்பான், தன்னை எஜமான் என்று அழைக்கக் கற்றுக்கொடுப்பான். இவளுக்கு அந்த ஆசை இல்லை என்று சொல்லமாட்டேன். கீழ்ப்படிய வேண்டும் என்றும் சிலைக்குள்ளிருந்து சொல்கிறாள். பொய்ச் சாமிக்குள் நின்றுகொண்டு மெய்ச் சாமியைப் போதிக்கும் விசித்திரம் அவளுக்கும் தெரிகிறது, சமாதானமும் சொல்லிக்கொள்கிறாள். அம்மாவின் மக்களிடம் அம்மாவின் பாஷையில் பேசி அப்பாவின் மதத்துக்கு மாற்றுகிறாள். இதில் எந்தப் பாதி ஜெயிக்கிறது?

"நம்ம மணிமேகலையும் தீவுக்குத்தானே போறா?"

நல்ல பிள்ளை. மணிமேகலா தெய்வம் தூங்குகிறவளைத் தூக்கிக்கொண்டு போய் மணிபல்லவத்தில் விட்டுவிடும். விழித்துப் பார்த்தால் யாருமில்லாத கடற்கரை. அழுது அலைந்து புத்த பீடிகையைக் கண்டதும் போன பிறவியில் தான் யார் என்று தெரிந்துபோகும். அதே காவியத்தில் சாதுவன் கப்பல் உடைந்து, ஒடிந்த பாய்மரத்தைப் பற்றி நாகர் மலையில் ஒதுங்குவான். தின்னவந்த நாகர்களிடம் அவர்கள் பாஷையிலேயே பேசித் தப்பிப்பான், அவர்கள் தலைவனுக்குக் கொல்லாமையைப் போதிப்பான். 'தி ஃபீமேல் அமெரிக்கன்' எழுதியவருக்கு இதெல்லாம் தெரிந்திருக்க வழியில்லை. பாஷை தெரிந்த அந்நியன் கரை ஒதுங்கினால் அவனைப் போதகனாக்கிவிட வேண்டும் என்று கடலோரத்துக் கதைசொல்லிகளுக்கு எங்கும் தோன்றியிருக்கிறது.

லண்டனுக்குத் திரும்புவோம். 1767இல் இப்படிப்பட்ட கதைக்கு வாசகர்கள் ஏற்கெனவே தயாராக இருந்தார்கள். அதற்கு முந்தைய வருடம் பிப்ரவரியில் சாம்சன் ஆக்கம் என்ற மொஹீகன் இனத்துப் பாதிரியார் இங்கிலாந்து வந்து ஊர் ஊராகப் பிரசங்கம் செய்துகொண்டிருந்தார். அமெரிக்கப் பழங்குடிப் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் நடத்தப் பணம் திரட்டத்தான் வந்தார். கோட்டும் வெள்ளைப் பட்டையும் அணிந்த பழங்குடிப் பாதிரியைப் பார்க்கவே கூட்டம் கூடியது. சுமார் 12,000 பவுண்டு சேர்ந்தது. அவர் ஊர் திரும்பியபின் அந்தப் பணத்தை வைத்து டார்ட்மத் கல்லூரி எழுந்தது. அதில் படித்தவர்கள் பெரும்பாலும் வெள்ளைக்காரப் பையன்கள். ஆக்கம் கடைசிவரை அந்தக் கசப்பை மறக்கவில்லை. மொஹீகன்களின் பழைய தலைவர் ஒருவரின் பெயர் அன்காஸ். நம் கதாநாயகியின் பெயர் எங்கிருந்து வந்திருக்கலாம் என்று நீயே யோசித்துக்கொள்.

நாவலின் முடிவு எனக்கு அவ்வளவு உவப்பில்லை. ஜான் தேடிக்கொண்டு வந்துவிடுகிறான். சிலைக்குள்ளிருந்து இவள் பேச, கூட வந்த மாலுமிகள் பேய் என்று நடுங்குகிறார்கள். அது நல்ல வேடிக்கை. ஆனால் ஜானோடு ஒரே இடத்தில் இருந்தால் ஊர் என்ன சொல்லும் என்ற கவலை ஆளில்லாத தீவிலும் அவளை விடுவதில்லை. மனமில்லாமல்தான் சம்மதிக்கிறாள். வில்வித்தைப் பரீட்சை என்னவாயிற்று என்று யாரும் கேட்பதில்லை. மெல்லப் போதகர் வேலை அவன் கைக்குப் போகிறது. ஒன்று மட்டும் செய்கிறார்கள். அந்தச் சிலையை வெடிமருந்து வைத்துத் தகர்க்கிறார்கள். இனி ஐரோப்பாவோடு எந்தச் சங்காத்தமும் வேண்டாம் என்று அங்கேயே தங்கிவிடுகிறார்கள். குரூசோ வீடு திரும்பித் தன் தோட்டத்தின் வரவுசெலவைப் பார்ப்பான். இவள் திரும்பவே இல்லை. அவளுடைய கையெழுத்துப் பிரதி மட்டும் கப்பலேறி வந்து நம் கையில் புத்தகமாக இருப்பதாகக் கணக்கு.

"யாரு சித்தி எழுதினது? நிஜமாவே ஒரு பொண்ணா?"

இன்றுவரை யாருக்கும் தெரியாது. ஆணா பெண்ணா, அமெரிக்காவில் இருந்தவரா, லண்டனில் ஒரு மாடியறையில் மெழுகுவத்தி வெளிச்சத்தில் கூலிக்கு எழுதியவரா, ஒன்றும் தெரியாது. 'ஃபீமேல்', 'அமெரிக்கன்' என்று தலைப்பில் இருக்கும் இரண்டு சொல்லுக்கும் உத்தரவாதம் இல்லை. அந்தப் பெயரே ஒரு குடைவுச் சிலை. உள்ளே ஒருவர் நின்று பேசியிருக்கிறார், குரல் பெரிதாகக் கேட்கிறது. யாரென்று கேட்காதே என்று புத்தகத்துக்குள்ளேயே எழுதியும் வைத்துவிட்டார்.

'அமெரிக்கன்' என்ற சொல்லுக்கும் ஒரு கதை உண்டு. 1767இல் ஓர் ஆங்கிலேயர் அந்தச் சொல்லைக் கேட்டால் மனத்தில் செவ்விந்தியர் வந்திருக்கலாம். ஒன்பது வருடத்தில் சுதந்திரப் பிரகடனம் வந்தது, குடியேறிகள் அந்தப் பெயரைத் தங்களுக்கென்று எடுத்துக்கொண்டார்கள். இந்த நாவல் 1800 வாக்கில் மாசசூசெட்சின் நியூபரிபோர்ட்டிலும் 1814இல் வெர்மாண்ட்டின் வெர்ஜென்ஸிலும் மறுபடி அச்சானது. அதே தலைப்பு, ஒரு எழுத்து மாறவில்லை, ஆனால் அட்டையைப் பார்த்த வெர்மாண்ட் வாசகர் அந்தச் சொல்லில் தன்னைப் பார்த்திருப்பார். பிறகு நெடுங்காலம் புத்தகம் மறைந்தே போனது. மிஷேல் பர்ன்ஹாம் பதிப்பித்து 2001இல் பிராட்வியூ வெளியிட்ட பிறகுதான் வகுப்பறைக்குள் வந்தது.

அமெரிக்க மண்ணிலேயே அச்சாகி ஓடோ ஓடு என்று ஓடிய இன்னொரு கதையும் இருக்கிறது. அதில் தீவுக்குப் பதில் காடு. 1787இல் ஏப்ரஹாம் பாந்தர் என்ற புனைபெயரில் வந்த சின்னஞ்சிறு பிரசுரம். இரண்டு பேர் மேற்கே காட்டுக்குள் போகும்போது ஒரு பெண் பாடும் குரல் கேட்கிறது. ஒரு குகை வாசலில் நாயோடு உட்கார்ந்திருக்கிறாள், இவர்களைக் கண்டதும் மயங்கி விழுகிறாள். அப்பாவுக்குப் பிடிக்காத காதலனோடு ஓடிவந்தவள். அவனைப் பழங்குடியினர் கொன்றுவிட, இவள் தப்பி ஓடி, ராட்சத உருவம் கொண்ட ஒருவனிடம் மாட்டுகிறாள். தன்னோடு படுக்க வேண்டும், இல்லாவிட்டால் சாவு என்கிறான். கட்டிய பட்டையைப் பல்லால் கடித்து அறுத்து, தூங்குகிறவனைக் கோடாலியால் வெட்டித் துண்டாக்கி இழுத்துப்போய்ப் புதைக்கிறாள். பிறகு அவன் குகையிலேயே ஒன்பது வருடம், சோளம் பயிரிட்டுக்கொண்டு.

அக்கா மகள் டீயைக் கீழே வைத்தாள். "இது அந்தக் காலத்துக் கதையா?"

அதே காலம்தான். இருபத்தைந்து வருடத்துக்குள் எத்தனையோ ஊர்களில் அச்சானது. அரசனை எதிர்த்துப் புறப்பட்ட தேசத்தில், அப்பனை எதிர்த்து ஓடிய பெண்ணின் கதை விற்றதில் ஆச்சரியமில்லை. கடைசியில் அவளை வீட்டுக்குக் கூட்டிவருகிறார்கள். அப்பா மன்னித்து, சொத்தையும் அவளுக்கு விட்டுவிட்டு, மயங்கி விழுந்து செத்துப்போகிறார். கவனிக்க வேண்டியது, கதை முழுக்க அவளுக்குப் பெயர் இல்லை. ஒரு 'சீமாட்டி', அவ்வளவுதான்.

"கதையை விடுங்க சித்தி. நிஜமா அப்படித் தீவுல இருந்த பொம்பள யாரும் உண்டா?"

உண்டு. கலிபோர்னியாவுக்கு மேற்கே சான் நிக்கோலஸ் தீவு. 1835இல் அங்கே மிச்சமிருந்த மக்களைக் கப்பலில் ஏற்றிக் கரைக்குக் கொண்டுபோனார்கள். ஒருத்தி மட்டும் தங்கிவிட்டாள். 1853இல் ஜார்ஜ் நைடெவர் என்ற வேட்டைக்காரர் அவளைக் கண்டார். பதினெட்டு வருடம். நீர்க்காக்கை இறகுகளைத் தைத்த ஆடை உடுத்தியிருந்தாள், சிரித்த முகத்தோடு வந்தவர்களுக்கு உணவு கொடுத்தாள். சாண்டா பார்பராவுக்குக் கூட்டிவந்தார்கள். ஊரே வந்து பார்த்தது, அவள் ஆடினாள், பாடினாள். ஏழு வாரத்தில் வயிற்றுப்போக்கில் இறந்துபோனாள். சாகும் தறுவாயில் ஞானஸ்நானம் கொடுத்து ஹுவானா மரியா என்று பெயர் வைத்தார்கள். 1960இல் ஸ்காட் ஓடெல் அவளை வைத்துச் சிறுவர்களுக்கு எழுதிய நாவலில் கரானா என்று இன்னொரு பெயர் வைத்தார். அது உலகமெங்கும் படிக்கப்பட்டது.

"அவளோட சொந்தப் பேரு?"

யாரும் எழுதி வைக்கவில்லை. அன்கா எலைசாவின் பாஷை தெரியாத தீவிலும் செல்லுபடியானது. இவள் பேசியதோ சாண்டா பார்பராவில் கேட்டவர்களுக்குப் பிடிபடவில்லை. அவள் வாயிலிருந்து நான்கே நான்கு சொற்களைக் குறித்து வைத்திருக்கிறார்கள்.

"என்னென்ன?"

தோல், மனுஷன், வானம், உடம்பு.

அவள் இந்த முறை குறிப்பேட்டைத் திறந்து நாலையும் எழுதிக்கொண்டாள். நான் எழுந்து இன்னொரு டீக்குத் தண்ணீர் வைத்தேன்.